பெட்டியில் சிறிதாக எழுதியிருக்கும் பெயர்

(நூற்றாண்டு நிகழ்வுகளையொட்டி நடைபெற்ற பழைய மாணவியர் ஒன்றுகூடலில் ஆற்றிய உரை. மலருக்காகச் சிறிது விரித்து எழுதப்பட்டுள்ளது.)





எனக்குத் தந்த தலைப்பு ‘பெண்களும் ஆரோக்கியமும்’. அதை எடுத்துக்கொண்டு சீனி, பிரஷர், இரத்தச்சோகை, மூட்டு வலி என்று ஆரம்பித்தால் லுஹர் தொழுகை வரை நான் நிறுத்தமாட்டேன், நீங்களும் ஒன்றும் நினைவில் கொண்டு போகமாட்டீர்கள். ஆகவே சங்கத்தின் செயலாளரிடம் அனுமதி கேட்டு, ஒரேயொரு சொல்லைப் பற்றி மட்டும் பேச வந்திருக்கிறேன். அந்தச் சொல்லுக்குரிய பொருள் இந்த மண்டபத்தில் இருக்கும் கைப்பைகளில் பாதியிலாவது இருக்கும். நாம் அதைப் பனடோல் என்கிறோம். பெட்டியில் அந்தப் பெயருக்குக் கீழே, கண்ணாடி போட்டுப் பார்க்க வேண்டிய அளவில், இன்னொரு பெயர் இருக்கும்: பரசிட்டமோல்.

பனடோல் என்பது ஒரு கம்பனி வைத்த வர்த்தகப் பெயர். 1950களில் இங்கிலாந்தில் விற்பனைக்கு வந்தது. எங்கள் ஊரில் அது மருந்தின் பெயராகவே ஆகிவிட்டது. ‘கவர்மெண்டு பனடோல் கேக்காது டொக்டர், கடைப் பனடோல்தான் கேக்கும்’ என்று வாரத்தில் நாலு பேராவது என்னிடம் சொல்வார்கள். இரண்டின் உள்ளேயும் இருப்பது 500 மில்லிகிராம் பரசிட்டமோல் என்று சொன்னால் மரியாதைக்காகத் தலையாட்டுவார்கள். நம்பியதாகத் தெரியாது.

சரி, அந்தச் சிறிய பெயருக்கு என்ன அர்த்தம்? உயர்தரத்தில் இரசாயனவியல் படித்தவர்கள் கொஞ்சம் ஞாபகப்படுத்திக்கொள்ளுங்கள். மற்றவர்கள் பயப்பட வேண்டாம், நான் சாப்பாட்டைக் கொண்டே விளக்குகிறேன்.

கலியாண வீட்டில் ஒரு சஹனைச் சுற்றி ஆறு பேர் அமர்ந்திருக்கிறார்கள். அதுதான் பென்சீன் வளையம்: ஆறு காபன் அணுக்கள், வட்டமாக. அந்த ஆறு பேரில் ஒருவர் கையில் ஒட்சிசனும் ஐதரசனும் சேர்ந்த ஒரு சிறு கூட்டம் இருந்தால் அந்த வளையத்துக்குப் பீனோல் என்று பெயர். பழைய கார்போலிக் சவர்க்காரத்தின் வாசனை ஞாபகம் இருக்கிறதா? அதுதான் பீனோல். இனி, இன்னொருவர் கையில் நைதரசன் இருக்கிறது. அது அமைன். அமோனியாவின் உறவுக்காரன். வயலுக்கு யூரியா எறியும் வீட்டில் பிறந்தவர்களுக்கு அமோனியாவின் நெடியைப் பற்றி நான் சொல்லித்தர வேண்டியதில்லை. இந்த நைதரசன்காரர் பீனோல்காரருக்குப் பக்கத்தில் இருந்தால் ஓதோ, ஒருவர் விட்டு இருந்தால் மெற்றா, சஹனுக்கு நேரெதிரே இருந்தால் பரா. எங்கள் மருந்தில் அவர் நேரெதிரே இருக்கிறார். அவருடைய கையைப் பிடித்துக்கொண்டு அசற்றைல் என்ற கூட்டம் நிற்கிறது. வினாகிரிக்குப் புளிப்பைக் கொடுக்கும் அசற்றிக்கமிலத்தின் துண்டு அது.

இப்போது வரிசையாகச் சொல்லுங்கள்: பரா-அசற்றைல்-அமினோ-பீனோல். இந்த நீண்ட பெயரை ஒருவர் கத்தரிக்கோலால் வெட்டி, ‘பர’, ‘அசற்’, ‘அம்’, ‘ஓல்’ என்ற துண்டுகளை எடுத்து ஒட்டினார், பரசிட்டமோல் வந்தது. அமெரிக்காவில் இன்னொருவர் அதே பெயரை வேறு இடத்தில் வெட்டினார், அசற்றமினோபென் வந்தது. 1955இல் அங்கே ஒரு கம்பனி ‘அசற்றைல்’ என்பதன் பின்பாதியையும் ‘பீனோல்’ என்பதன் வாலையும் சேர்த்து டைலனோல் என்றது. மூன்றும் ஒரே துணியில் வெட்டிய மூன்று சட்டைகள். கனடாவிலும் அமெரிக்காவிலும் இருக்கும் தங்கச்சிமாருக்கு இது தெரிந்திருக்க வேண்டும். அங்கே கடையில் பரசிட்டமோல் என்று கேட்டால் சில வேளை விழிப்பார்கள். நீண்டகாலமாக அங்குள்ள பாமசிகள் மருந்துப் போத்தலில் ஏ.பி.ஏ.பி. என்று நான்கு எழுத்துப் போட்டுக் கொடுத்தன. அதுவும் இதே நீண்ட பெயரின் சுருக்கந்தான். எழுதியவருக்குப் புரிந்தது, குடித்தவருக்குப் புரியவில்லை.

அந்த ‘ஓல்’ என்ற வாலைப் பற்றி ஒரு சிறு கிளைக்கதை. இரசாயனத்தில் அது ‘அல்ககோல்’ என்ற சொல்லின் வால். அல்ககோல் வந்தது ‘அல்-குஹ்ல்’ என்ற அறபுச் சொல்லில் இருந்து. குஹ்ல் என்றால் நாம் கண்ணுக்கிடும் சுர்மா. மிக நுண்ணிய தூளுக்கு வைத்த பெயர், ஐரோப்பாவுக்குப் போய் வடித்தெடுத்த சாராயத்துக்குப் பெயராகி, கடைசியில் எங்கள் காய்ச்சல் குளிசையின் முடிவில் வந்து நிற்கிறது. ‘ஓல் என்று முடிகிறதே, போதை இருக்குமா?’ என்று ஒரு மூத்தம்மா என்னிடம் கேட்டார். நல்ல கேள்வி. இல்லை மூத்தம்மா, உங்கள் இரத்தத்தில் ஓடும் கொலஸ்திரோலும் ஓல் என்றுதான் முடிகிறது என்றேன். அணுக்களின் அமைப்பைச் சொல்லும் வால் அது.

இந்தப் பெயர்களைப் பிரித்துப் படிக்கும் பழக்கம் எனக்கு வந்தது மருத்துவ பீடத்தில் இல்லை, இங்கே. விஞ்ஞானப் பாடத்தில் எங்கள் ஆசிரியை கரும்பலகையில் காபனோரொட்சைட்டு, காபனீரொட்சைட்டு என்று இரண்டையும் ஒன்றின் கீழ் ஒன்றாக எழுதி, எங்கே வித்தியாசம் என்று கேட்டார். ‘ஓர்’, ‘ஈர்’. ஓர் ஒட்சிசன், ஈர் ஒட்சிசன். ஒன்று சோடாப் போத்தலில் இருக்கும் வாயு. மற்றது மூடிய அறையில் ஜெனரேட்டர் ஓடினால் தூக்கத்திலேயே ஆளை முடித்துவிடும் வாயு. அரசகரும மொழித் திணைக்களத்தின் சொற்றொகுதிகளைத் தயாரித்த அந்தத் தலைமுறைப் பெரியவர்களை நான் மிகவும் மதிக்கிறேன். தமிழ்நாட்டு டொக்டர்கள் எங்கள் பாடநூல் சொற்களைக் கேட்டுச் சிரிப்பார்கள். சிரிக்கட்டும். ‘ஈரொட்சைட்டு’ என்ற சொல்லை முதல் தடவை கேட்கும் பிள்ளைக்கும் அதில் இரண்டு இருக்கிறது என்று தெரிந்துவிடுகிறதே.

இனி வர்த்தகப் பெயருக்கு வருவோம். அது எப்படி வந்தது என்பதற்கு ஒரு கதை உண்டு. 1886இல் ஸ்ராஸ்பேர்க் நகரில் கான், ஹெப் என்ற இரண்டு இளம் டொக்டர்கள் குடற்புழு உள்ள ஒரு நோயாளிக்கு நப்தலீன் கொடுத்துப் பார்த்தார்கள். அலுமாரியில் உடுப்புக்கிடையில் போடுகிறோமே, அந்தப் பூச்சி உருண்டைதான். புழு போகவில்லை, காய்ச்சல் மட்டும் இறங்கியது. விசாரித்தால், மருந்துக்கடையில் இருந்து வந்தது நப்தலீனே இல்லை, பெயர் மாறி அசற்றனிலைட்டு என்ற வேறொரு பொருள் வந்திருக்கிறது. சாயத் தொழிற்சாலைகளில் சாதாரணமாகக் கிடைக்கும் மலிவான பொருள். யாரும் செய்யலாம், யாரும் விற்கலாம். அதனால் அதை விற்க முன்வந்த கம்பனி அதற்கு அன்ரிபெப்ரின், ‘காய்ச்சலுக்கு எதிரி’, என்று வாய்க்கு இலகுவான ஒரு பெயரைப் பதிவு செய்தது. டொக்டர்கள் அந்தப் பெயரையே எழுதினார்கள். பெயருக்குச் சேர்த்துக் காசு கொடுக்க வேண்டியதாயிற்று. 

அந்த அன்ரிபெப்ரின் சிலருடைய உதட்டையும் நகத்தையும் நீலமாக்கியது. இரத்தம் ஒட்சிசனைச் சுமக்க முடியாமற் போனதால் வந்த நீலம். 1948இல் அமெரிக்காவில் புரோடியும் அக்செல்ரொட்டும் ஆராய்ந்து, காய்ச்சலையும் வலியையும் குறைப்பது உடலுக்குள் அசற்றனிலைட்டு மாறி உருவாகும் பரசிட்டமோல்தான் என்று காட்டினார்கள். நீலம் வேறு பொருளால் வந்தது. பரசிட்டமோல் அதற்கு எழுபது வருடங்களுக்கு முன்பே ஆய்வுகூடத்தில் செய்யப்பட்டு, கவனிப்பாரில்லாமல் கிடந்த ஒன்று.

பெயர்கள் இப்படி நாட்டுக்கு நாடு, கம்பனிக்குக் கம்பனி பெருகியதால், உலக சுகாதார நிறுவனம் ஒவ்வொரு மருந்துப் பொருளுக்கும் யாருக்கும் சொந்தமில்லாத ஒரு பொதுப் பெயர் வைக்க 1950இல் முடிவெடுத்து, 1953இல் முதற் பட்டியலை வெளியிட்டது. இதை எங்கள் நாட்டில் ஒரு கொள்கையாகவே ஆக்கியவர் பேராசிரியர் சேனக பிபிலே. இந்தப் பெயரை என் பிள்ளைகளின் தலைமுறைக்குத் தெரியவில்லை என்பது எனக்கு வருத்தம். 1971இல் ஆரம்பிக்கப்பட்ட அரச மருந்தாக்கற் கூட்டுத்தாபனத்தின் முதல் தலைவர் அவர். சந்தையில் இருந்த ஏறக்குறைய 2100 மருந்துகளை ஆராய்ந்து, 600 அளவில் போதும் என்று குறைத்தார்கள். வேறு வேறு பெயர்களில் வந்த ஒரே மருந்துகள் அதிலே எத்தனையோ. பொதுப் பெயரில், விலை குறைந்த இடத்தில் வாங்கினார்கள். பிபிலே 1977இல் கயானாவில் காலமானார். நாம் ஒசுசலவில் போய் வாங்கும் ஒவ்வொரு குளிசையிலும் அவருடைய கை இருக்கிறது.

பொதுப் பெயரின் பெறுமதியை நான் கண்ணால் கண்டது சுனாமிக்குப் பிறகு. அப்போது நான் மருத்துவ மாணவி. 2004 டிசம்பர் 26க்குப் பின் வந்த வாரங்களில் இந்தக் கரையோரம் முழுக்க முகாம்கள். உலகத்தில் உள்ள நல்ல மனிதர்கள் எல்லாம் மருந்து அனுப்பினார்கள். பெட்டி பெட்டியாக. ஒரு பாடசாலை மண்டபத்தில் நாலைந்து பேர் நிலத்தில் இருந்து அவற்றைப் பிரித்தோம். இத்தாலி மொழி, ஜேர்மன், இன்னும் எந்த மொழி என்றே தெரியாத எழுத்துகள். பெரிய எழுத்தில் இருந்த பெயர் எதுவும் எங்களுக்கு ஒன்றும் சொல்லவில்லை. சிறிய எழுத்தைத் தேடினோம். ‘பரசெத்தமோலோ’ என்றிருந்தால் ஒரு பக்கம். ‘அமொக்சிசிலினா’ என்றிருந்தால் இன்னொரு பக்கம். வால் கொஞ்சம் வளைந்திருந்தாலும் ஆளை அடையாளம் தெரிந்தது. சிறிய பெயரை வாசிக்க முடியாத பெட்டிகளை ஒதுக்கி வைத்தோம். அவை யாருக்கும் பயன்படவில்லை. அனுப்பும் மருந்தில் பொதுப் பெயர் இருக்க வேண்டும், பெறுபவர் விளங்கும் மொழியில் இருக்க வேண்டும் என்று உலக சுகாதார நிறுவனம் 1996இலேயே வழிகாட்டல் எழுதியிருந்தது என்பதைப் பின்னர் படித்தேன்.

இவ்வளவும் நான் சொன்னது இனிச் சொல்லப்போகும் விடயத்துக்காக.

சில வருடங்களுக்கு முன், நான் வேலை செய்த வார்ட்டில் மூன்று வயதுப் பிள்ளை ஒன்று அனுமதிக்கப்பட்டது. நிறை 12 கிலோ. காய்ச்சல் தொடங்கி மூன்றாம் நாள், ஓயாத வாந்தி, சோர்வு. உம்மா நன்றாகப் படித்தவர், கவனமானவர், கொடுத்த மருந்தெல்லாம் கொப்பியில் நேரம் போட்டு எழுதியிருந்தார். முதலாவது, வெளிநோயாளர் பிரிவில் கொடுத்த பாணி மருந்து: ஏழரை மில்லிலீற்றர், நாளைக்கு நாலு தடவை. இரண்டாவது, ஒரு தனியார் கிளினிக்கில் தடிமனுக்கென்று கொடுத்த ரோஸ் நிறப் பாணி: ஐந்து மில்லிலீற்றர், நாலு தடவை. மூன்றாவது, வாப்பா கட்டாரில் இருந்து கொண்டுவந்த பெட்டியில் இருந்த, ஆசனவழியாக வைக்கும் மருந்து: நாளைக்கு மூன்று. மூன்றுக்கும் மூன்று பெயர், மூன்று நிறம்.

‘மூணும் மூணு மருந்துதானே டொக்டர்?’

நான் கூட்டிப் பார்த்தேன். முதற் பாணியில் ஐந்து மில்லிலீற்றருக்கு 120 மில்லிகிராம். அப்படியானால் நாளொன்றுக்கு 720. அந்தப் பிள்ளையின் நிறைக்கு அது மட்டுமே முழு அளவு: கிலோவுக்கு 60 மில்லிகிராம். ரோஸ் பாணியில் தடிமன் மருந்தோடு 125 மில்லிகிராம் பரசிட்டமோலும் கலந்திருந்தது. அது 500. ஆசனவழி மருந்து ஒன்று 250. அது 750. எல்லாமாக 1970. இரண்டு நாளாக.

பரசிட்டமோல் ஈரலுக்குப் போகும்போது பெரும்பகுதி பாதுகாப்பாக மாற்றப்பட்டுச் சிறுநீரில் போய்விடும். ஒரு சிறு பங்கு மட்டும் நச்சுப் பொருளாக மாறும். ஈரலில் இருக்கும் குளுத்தாதயோன் என்ற பொருள் அதைப் பிடித்து அடக்கிவிடும். அளவு கூடினால் குளுத்தாதயோன் தீர்ந்துபோகும், நஞ்சு ஈரல் கலங்களைத் தாக்கும். கெட்டித்தனம் என்னவென்றால், முதல் நாள் ஒன்றும் தெரியாது. கொஞ்சம் வாந்தி, கொஞ்சம் பசியின்மை. காய்ச்சற்காரப் பிள்ளைக்கு அது காய்ச்சலால் வந்தது என்றுதான் எவரும் நினைப்பார்கள். ஈரல் பழுதாவது இரண்டாம், மூன்றாம் நாளில். இதற்கு மாற்று மருந்து உண்டு, எங்கள் ஆஸ்பத்திரிகளிலும் உண்டு. அதன் பெயர் என்-அசற்றைல் சிஸ்ரீன். அதே வினாகிரித் துண்டு அந்தப் பெயரிலும் இருப்பதைக் கவனியுங்கள். ஒரே தடவையில் அதிகம் விழுங்கியவருக்கு எட்டு மணித்தியாலத்துக்குள் கொடுத்தால் ஏறக்குறைய முழுப் பாதுகாப்பு. எங்கள் பிள்ளைக்கு ஈரல் பரிசோதனை முடிவுகள் ஏறியிருந்தன. மாற்று மருந்து கொடுத்தோம். ஐந்தாம் நாள் வாப்பாவின் தோளில் ஏறிக்கொண்டு வீட்டுக்குப் போனது. அல்ஹம்துலில்லாஹ்.

அந்த உம்மா அலட்சியமானவர் என்று யாரும் சொல்ல வேண்டாம். மூன்று பெட்டியிலும் சிறிய எழுத்தில் ஒரே பெயர் இருந்தது. அங்கே பார்க்க வேண்டும் என்று அவருக்கு யாரும் சொல்லவில்லை, அவ்வளவுதான்.

எங்கள் ஊரில் இது ஏன் அதிகம் என்றால், எங்கள் வீட்டு மருந்துப் பெட்டிக்குள் பல நாடுகள் இருக்கின்றன. சவூதியில் பெவடோல், துபாயில் அடோல், இந்தியாவில் டோலோ, குறோசின், லண்டனில் கல்போல், பிரான்சில் டொலிப்பிரான். எல்லாம் ஒரே ஆள். பெயர் மட்டுமா, பலமும் மாறும். இங்கே குளிசை 500 மில்லிகிராம், இந்தியாவில் இருந்து வருவது 650 ஆக இருக்கலாம். பிரித்தானியாவில் ஆறு வயதுக்குக் குறைந்த பிள்ளைகளின் பாணி 120, ஆறுக்கு மேற்பட்டோருடையது 250. போத்தல் மாறினால், நான் சொன்ன அந்த ஏழரை மில்லிலீற்றர் இரண்டு மடங்குக்கும் மேலாகிவிடும். லண்டனில் சாதாரணக் கடையில் 16 குளிசைக்கு மேல் ஒரு பெட்டியில் விற்க 1998இலிருந்து தடை. அவர்கள் பட்டுத்தான் அந்தச் சட்டம் போட்டார்கள். வளர்ந்தவர்களுக்கு 500 மில்லிகிராம் குளிசை நாளைக்கு எட்டு என்பது உச்ச எல்லை. மெலிந்தவர்களுக்கும் ஈரல் நோய் உள்ளவர்களுக்கும் அதிலும் குறைவு.

மறுபக்கமும் உண்டு. ஒரே மருந்துக்குப் பல பெயர் இருப்பதுபோல, ‘காய்ச்சல் குளிசை’ என்ற ஒரே பெயருக்குள் பல மருந்துகள் ஒளிந்திருக்கின்றன. டெங்கு காலத்தில் இதுதான் எனக்கு அதிகப் பயம். 2017இல் நாட்டில் 1 இலட்சத்து 86 ஆயிரத்துக்கும் அதிகமானவர்களுக்கு டெங்கு வந்தது. டெங்குவில் குருதிச் சிறுதட்டுகள் குறையும். அந்த நேரத்தில் அஸ்பிரின், இபுபுரொபன், டைக்குளோபெனக், மெபனமிக் அசிட் ஆகியவற்றில் ஒன்று உள்ளே போனால் வயிற்றில் இரத்தம் கசியலாம், நிற்காமற் போகலாம். காய்ச்சல் மட்டும் நன்றாக இறங்கும். ‘அந்தக் குளிசைதான் டொக்டர் கேட்டது’ என்று சந்தோஷமாகச் சொல்வார்கள். எனக்கு நெஞ்சு திக்கென்னும். காய்ச்சலுக்குப் பரசிட்டமோல் மட்டும். அதற்கும் இறங்காவிட்டால் இளஞ்சூட்டு நீரால் துடைப்பது, நீராகாரம், இரத்தப் பரிசோதனை. வேறு குளிசை தேடிப் பாமசிக்குப் போகாதீர்கள்.

வயதான உம்மா, வாப்பா உள்ள வீடுகளுக்கு இன்னொன்று. பொதுப் பெயர்களுக்கு வால் உண்டு. லொசார்டன், டெல்மிசார்டன்: ‘சார்டன்’ குடும்பம், பிரஷருக்கு. அற்றனலோல், பிசோபுரலோல்: ‘லோல்’ குடும்பம். அட்டோவாஸ்டெட்டின், ரொசுவாஸ்டெட்டின்: கொலஸ்திரோலுக்கு. அரச கிளினிக்கில் ஒன்றும் தனியார் டொக்டரிடம் ஒன்றும் எடுக்கும்போது, ஒரே வால் உள்ள இரண்டு பெயர் ஒரே பையில் இருந்தால் இரண்டையும் எடுத்துக்கொண்டு டொக்டரிடம் போங்கள். நீங்களாக ஒன்றை நிறுத்திவிட வேண்டாம்.

துண்டில் பொதுப் பெயரையும் எழுதித் தாருங்கள் என்று டொக்டரிடம் கேட்பதில் மரியாதைக் குறைவு எதுவும் இல்லை. முகத்தைச் சுளிப்பவர் இருந்தால், அவரும் பரீட்சையில் அந்தப் பெயரை எழுதித்தான் டொக்டரானார் என்று நினைத்துக்கொள்ளுங்கள். பாமசியில் குளிசைகளை வெட்டிக் கடுதாசி உறையில் போட்டுத் தரும்போது, உறையில் பெயரும் மில்லிகிராமும் எழுதாமல் வாங்க வேண்டாம். அட்டையை வெட்டும்போது பெயர் உள்ள பக்கம் உங்களுக்கு வரும்படி வெட்டச் சொல்லுங்கள்.

அழைப்பிதழில் ஒரு வரி சேர்த்திருந்தோம், வீட்டில் உள்ள மருந்துப் பைகளைக் கொண்டுவாருங்கள் என்று. கொண்டுவந்தவர்கள் கை உயர்த்துங்கள் பார்ப்போம். மாஷா அல்லாஹ், நான் நினைத்ததை விட அதிகம். வாசலுக்குப் பக்கத்தில் இரண்டு மேசை போட்டிருக்கிறோம். உயர்தர உயிரியல் பிரிவுப் பிள்ளைகள் எட்டுப் பேர் பேனையும் ஒட்டுத் தாளும் வைத்துக்கொண்டு காத்திருக்கிறார்கள். சிறிய பெயரை அவர்கள் தமிழில் பெரிதாக எழுதி ஒட்டித் தருவார்கள், நான் ஒவ்வொன்றாகச் சரிபார்ப்பேன். தேநீரை எடுத்துக்கொண்டு அந்தப் பக்கம் வாருங்கள். வெளிநாட்டுப் பெட்டிகள் வைத்திருப்பவர்கள் முதலில்.